கற்கண்டுக்கு ஐந்து சீட்டு

வேண்டாம் அக்கா, பை என் மடியிலேயே இருக்கட்டும். மேலே கம்பியில் வைத்தால் என் கண்ணில் படாது. கீழே வைத்தால் பின்சீட்டுக்காரர் காலால் இழுத்துவிடுவார். இழுப்பார் என்று சொல்லவில்லை, இழுக்க முடியும் என்று சொல்கிறேன். நான் சந்தேகப்படுகிற ஆளே இல்லை. இந்தப் பையில் இரண்டு கவர் இருக்கிறது, அவ்வளவுதான் விஷயம்.

நீங்கள் திருநெல்வேலி வரைக்கும்தானே? டிக்கெட் எடுக்கும்போது கவனித்தேன். நான் அதற்கு முன்னாலேயே, பல்கலைக்கழகத்துக்குச் சாலை பிரிகிற விலக்கில் இறங்கிவிடுவேன். பதினொரு மணிக்கு எனக்கு அங்கே ஒரு விசாரணை. அப்படிப் பார்க்காதீர்கள், குற்றவாளி நான் இல்லை. புகார் கொடுத்தவள். போன வெள்ளிக்கிழமை மத்தியானம் வரைக்கும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஒரு கவரைக் கொடுத்தால் ஒரு மனிதருக்கு இருபத்தாறு வருஷத்து வேலை போகும். இன்னொரு கவரைக் கொடுத்தால் எனக்கு மானம் போகும். எதைக் கொடுப்பது என்று கயத்தாறு வருவதற்குள் முடிவு செய்துவிடலாம் என்றுதான் கோவில்பட்டியில் ஏறினேன். கயத்தாறு இப்போதுதான் போயிற்று. காற்றாலைகள் சுற்றுவதையே பார்த்துக்கொண்டு வந்துவிட்டேன்.

உங்களிடம் சொல்கிறேன். நீங்கள் யார் என்று எனக்குத் தெரியாது, அதனால்தான். தெரிந்தவர்களிடம் சொன்னால் அவர்கள் ஏற்கெனவே ஒரு பக்கம் நின்றுகொண்டிருப்பார்கள். உங்களுக்கு அகச்சுடர் மன்றத்தில் சொந்தக்காரர்கள் யாரும் இல்லையே? பேரே கேள்விப்பட்டதில்லையா? நல்லது.

நான் பூங்கோதை. இயற்பியலில் ஆராய்ச்சி மாணவி, மூன்றாம் வருஷம். மூன்றாம் வருஷம் என்றால் சாப்பாட்டு மேஜையில்கூட யாரிடமாவது வாதாடிக்கொண்டிருக்கிற வருஷம். எங்கள் துறைக்கு மெய்யப்பன் ஐயா என்று ஒருவர் வந்தார். ஏதோ ஒரு மில்லில் இன்ஜினியராக இருந்து ஓய்வு பெற்றவர். மன்றத்தை ஆரம்பித்தவரே அவர்தான். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, கையில் லேமினேட் செய்த ஒரு அட்டை. அந்த அட்டையில்தான் எல்லாம் ஆரம்பித்தது.

கண்ணுக்குத் தெரியாத ஒளி ஒன்று இருக்கிறதாம். பத்துப் பேர் கண்ணை மூடி வட்டமாக உட்கார்ந்தால் அது நடுவில் வந்து இறங்குமாம். பக்கத்தில் இருக்கிற பொருள்கள் அதைக் குடிக்குமாம். குடிக்கும் என்றுதான் அவர்கள் துண்டுப் பிரசுரத்தில் அச்சடித்திருக்கிறார்கள், நான் சொல்லவில்லை. எந்தப் பொருள் எவ்வளவு குடிக்கும் என்பதற்கு ஒரு எண் கொடுத்திருந்தார். சுடரேற்பு எண். பூஜ்யத்திலிருந்து நூற்றெட்டு வரைக்கும். இரும்புக்குப் பதினெட்டு. பாலுக்கு முப்பத்தைந்து. துளசிக்கு அறுபத்திரண்டு. கற்கண்டுக்குத் தொண்ணூற்றாறு.

கற்கண்டுக்கு ஏன் தொண்ணூற்றாறு? மன்றத்துப் பிரசாதம் கற்கண்டு. எனக்கு அங்கேயே பற்றிக்கொண்டு வந்தது.

"எதை வச்சு அளந்தீங்க ஐயா?" என்று கேட்டேன்.

"உள்ளங்கையை வச்சும்மா" என்றார், ஏதோ வோல்ட்மீட்டர் என்பது போல.

"உங்க உள்ளங்கையா, எல்லார் உள்ளங்கையுமா?"

"பக்குவப்பட்ட கை."

பக்குவப்பட்ட கை. இதைக் கேட்டுவிட்டு எப்படி அக்கா சும்மா இருப்பது?

அவர்களுக்குப் பல்கலைக்கழகத்தின் முத்திரை வேண்டும். பதிலுக்கு எங்கள் ஆய்வுக்கூடத்தைப் புதுப்பித்துத் தருகிறார்களாம். என் நெறியாளர் ஜெயக்கொடி மேடம் சரியென்றுவிட்டார். நான் அவர் அறைக்குப் போய் ஒரு மணி நேரம் நின்றபடியே பேசினேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "கூரை ஒழுகுது பூங்கோதை. நாம நேர்மையா அளப்போம். பூஜ்யம் வரும். பூஜ்யம்னு எழுதிக் குடுப்போம். அதுவும் ஒரு முடிவுதானே?"

"அப்ப நான்தான் அளப்பேன்" என்றேன். வேறு யாரை நம்பி விடுவது, சொல்லுங்கள்.

எங்களிடம் ஒரு இருட்டுப் பெட்டி இருக்கிறது. கறுப்புப் பெட்டி, உள்ளே ஒரு குழாய், வெளியே எண் ஓடுகிற திரை. கண்ணுக்கே தெரியாத அளவு வெளிச்சம் விழுந்தாலும் அது எண்ணிவிடும். முறை இதுதான்: வெள்ளிக்கிழமை காலையில் மன்றத்திலிருந்து பத்துப் பேர் வேனில் வருவார்கள். செருப்பை இயற்பியல் துறை வாசலில் வரிசையாக விட்டுவிட்டு வருவார்கள். பதினான்காம் அறையில் வட்டமாக உட்காருவார்கள். நடுவில் ஒரு பலகையில் என் பாட்டில்கள். அரை மணி நேரம் தியானம். முடிந்ததும் ஒரு நிமிஷத்துக்குள் ஒவ்வொரு பாட்டிலாகப் பக்கத்து அறை இருட்டுப் பெட்டிக்குள் போக வேண்டும். அதே மாதிரி நிரப்பிய இன்னொரு செட் பாட்டில்கள் தியானமே பார்க்காமல், விளக்குப் போடாத பெட்டி அறையில் பீரோவுக்குள் பூட்டியிருக்கும். இரண்டையும் ஒப்பிட வேண்டும். தியானம் பார்த்ததும் பார்க்காததும் ஒன்றுபோல இருந்தால் மன்றத்து அட்டையைக் குப்பையில் போடலாம்.

நான் எவ்வளவு ஜாக்கிரதையாக இருந்தேன் என்று கேளுங்கள். திருட்டு வேலை எதுவும் இருட்டில்தான் நடக்கும் என்று, அறையின் எல்லா ஜன்னலையும் திறந்து வைக்கச் சொன்னேன். எட்டு ட்யூப்லைட்டும் எரிய வேண்டும் என்றேன். அவர்கள் குத்துவிளக்கு ஒன்றே போதும் என்றார்கள். அதிலேயே எனக்குச் சந்தேகம் தட்டியது. சந்தேகம் இல்லை, கேள்வி.

அடுத்தது பாட்டில். யாராவது பாட்டிலையே மாற்றி வைத்துவிட்டால்? அதற்காக ஜெராக்ஸ் தாளை ஒரே அளவில் சின்னச் சின்னச் சீட்டாக வெட்டினேன். ஒவ்வொரு சீட்டிலும் தேதி, என் முழுக் கையெழுத்து. அதைப் பாட்டில் மூடியும் கழுத்தும் சேருகிற இடத்தில் ஒட்டினேன். திறந்தால் கிழியும். மாற்றினால் கையெழுத்து இருக்காது. இரும்பில் யார் கை வைக்கப் போகிறார்கள், அதற்கு ஒரு சீட்டு. பாலுக்கு இரண்டு. துளசிக்கு மூன்று. கற்கண்டுக்கு ஐந்து. மூடியில், கழுத்தில், மூன்று பக்கத்தில். அவர்கள் எதை அதிகமாகப் பீற்றிக்கொள்கிறார்களோ அதற்கு அதிகக் காவல். நியாயம்தானே? பீரோவில் இருக்கிற செட்டுக்கும் அதே கணக்கில் அதே சீட்டு, அதே பசை. அந்த விஷயத்தில் என்னைக் குறை சொல்ல முடியாது.

இப்போதுதான் ஆவுடையப்பன் அண்ணன் வருகிறார். எங்கள் ஆய்வுக்கூட உதவியாளர். இருபத்தாறு வருஷமாக அங்கேதான் இருக்கிறார். அந்த இருட்டுப் பெட்டியை எட்டு தடவை பிரித்து மாட்டியவர். பெட்டி அறைக்கு இரண்டு சாவி, ஒன்று என்னிடம், ஒன்று அவரிடம். தியான அறையிலிருந்து பாட்டிலைத் தூக்கிக்கொண்டு பெட்டிக்கு ஓடுவதும் அவர்தான். கேளுங்கள், அவர் மேஜையில் மன்றத்துக் காலண்டர். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் மன்றத்துக்குப் போகிறவர். மணிக்கட்டில் மன்றத்து மஞ்சள் கயிறு. எனக்கு எப்படி இருந்திருக்கும்?

நான் சீட்டு ஒட்டிக்கொண்டிருந்தபோது வந்து நின்று பார்த்தார்.

"எம்மா, காகிதம் ஒட்டாதிய" என்றார். "அடையாளந்தான வேணும், அரத்த வச்சு அடியில ஒரு கீறு கீறித் தாரேன். நாங்க அப்படித்தான் செய்யுதது."

"கீறினா அதே மாதிரி இன்னொரு பாட்டில்லயும் கீறலாமே அண்ணே. கையெழுத்தைக் கீற முடியுமா?"

"அதுக்கில்ல. காகிதம் வெளிச்சத்தக் குடிச்சு வச்சுக்கிடும். பெட்டிக்குள்ள போய்க் கக்கும்."

குடிக்குமாம். பிரசுரத்தில் இருக்கிற அதே வார்த்தை. அதே நிமிஷம் எனக்குத் தெரிந்துவிட்டது, இவர் அவர்களுடைய ஆள். சீட்டு இருந்தால் பாட்டிலை மாற்ற முடியாது, அதனால் சீட்டு வேண்டாம் என்கிறார். அன்றைக்கே துளசி பாட்டிலை எடுத்து ஏற்கெனவே ஒட்டியிருந்த சீட்டுகளை விரலால் ஒரு தடவை அழுத்திவிட்டேன்.

எட்டு வெள்ளிக்கிழமை அளந்தோம். பீரோ பாட்டில்கள் எல்லாம் பூஜ்யம். ஆனால் தியானம் பார்த்த பாட்டில்கள், அக்கா, எண்ண ஆரம்பித்தன. திரையில் எண் ஓடுகிறது. கற்கண்டில் வருகிற எண்ணிக்கையைத் தொண்ணூற்றாறு என்று வைத்துக்கொண்டு, மற்றதை அதே விகிதத்தில் கணக்குப் போட்டால் இரும்புக்குப் பத்தொன்பது வந்தது. பாலுக்கு முப்பத்தெட்டு. துளசிக்கு ஐம்பத்தெட்டு. மெய்யப்பன் ஐயாவுடைய அட்டையைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். அட்டையை மேஜையில் குப்புறக் கவிழ்த்தேன். பயத்தால் இல்லை, ஆத்திரத்தால்.

அவர்கள் துறைக்கே கேசரி கொண்டுவந்து கொடுத்தார்கள். மெய்யப்பன் ஐயா என் பக்கத்தில் வந்து மெதுவாகச் சொன்னார்: "ஒவ்வொரு பாட்டில்லயும் உன் கையெழுத்தும்மா. எதிர்த்தவ கையாலயே ஆண்டவன் எழுத வச்சுட்டான் பாத்தியா." அந்தக் கேசரியை நான் தொடவில்லை. முந்திரி மட்டும் எடுத்தேன், அதுவும் பக்கத்துத் தட்டிலிருந்து.

அன்று மாலையே புகார் எழுதினேன். நாலு பக்கம். அளவுகளில் கைவைக்க வாய்ப்பு இருந்தவர் ஒருவர்தான், சாவி இருந்தது அவரிடம்தான், மன்றத்து உறுப்பினரும் அவர்தான். மூன்றாம் பக்கத்தில் அவருடைய மனநிலைக்குச் சான்றாக ஒரு வரி சேர்த்தேன்: 'ஆய்வுக்கூட உதவியாளருக்குத் தகாத மூடநம்பிக்கையுடன், காகிதம் வெளிச்சத்தைக் குடிக்கும் என்று கூறி, முத்திரைச் சீட்டு ஒட்டுவதைத் தடுக்க முயன்றார்.' நல்ல வாக்கியம் என்று அப்போது நினைத்தேன். இரண்டு தடவை படித்துப் பார்த்தேன்.

ஆவுடையப்பன் அண்ணனிடம் சாவியை வாங்கிக்கொண்டு அவரைத் தற்காலிகமாக நீக்கினார்கள். விசாரணைக் குழு போட்டார்கள். முதல் நாள் அவரிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்களாம், இப்படிச் சொன்னீரா என்று. "சொன்னேன்" என்றாராம். எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். அதற்கு மேல் அவர் ஒரு வார்த்தை பேசவில்லையாம். பேசாமல் இருப்பது எதைக் காட்டுகிறது? குற்றத்தைத்தான் காட்டுகிறது என்று நான் ஹாஸ்டலில் எல்லோரிடமும் சொன்னேன். எல்லோரும் தலையாட்டினார்கள். இரண்டு வாரம் நான் போகிற இடத்திலெல்லாம் நாற்காலி போட்டார்கள்.

வெள்ளிக்கிழமைக்கு வருகிறேன். இன்றைய விசாரணையில் ஆணித்தரமாக ஒன்று காட்ட வேண்டும் என்று நினைத்தேன். ஆவுடையப்பன் இல்லை, மன்றத்து ஆட்கள் இல்லை, தியானம் இல்லை, பாட்டிலில் பொருள்கூட இல்லை. அப்படி அளந்தால் பூஜ்யம் வரும். பூஜ்யம் வந்தால், முன்னால் வந்ததெல்லாம் அவர் கைவேலை என்று நிரூபணம் ஆகிவிடும். ஒரு காலி பாட்டிலை எடுத்தேன். முறை மாறக் கூடாது என்று கற்கண்டுக்கு ஒட்டுகிற மாதிரியே ஐந்து சீட்டு ஒட்டினேன். பதினான்காம் அறையில் எட்டு ட்யூப்லைட்டையும் போட்டு, பலகையில் வைத்து, பக்கத்தில் உட்கார்ந்து அரை மணி நேரம் புளியோதரை சாப்பிட்டேன். பிறகு பெட்டிக்குள் வைத்து, வந்த எண்ணிக்கையைப் பழைய விகிதத்திலேயே கணக்குப் போட்டேன்.

தொண்ணூற்றாறு.

காலி பாட்டில் அக்கா. உள்ளே காற்றைத் தவிர ஒன்றும் இல்லை.

முதலில் என்ன தோன்றியது தெரியுமா? அவரிடம் மூன்றாவது சாவி இருக்கிறது என்று தோன்றியது. கடைக்குப் போய்ப் புதுப் பூட்டு வாங்கி மாட்டினேன். மறுபடி அளந்தேன். தொண்ணூற்றைந்து. பெட்டிக்குள் டார்ச் அடித்து எங்கேயாவது சின்ன பல்பு ஒளித்து வைத்திருக்கிறார்களா என்று தேடினேன். ஜெயக்கொடி மேடம் அறையிலிருந்து ஏதாவது வயர் வருகிறதா என்றுகூடப் பார்த்தேன். மேடத்தைச் சந்தேகப்பட்டு இல்லை, வயரைச் சந்தேகப்பட்டு. அப்புறம் நினைத்தேன், சீட்டுக்கு அடியில் எதையாவது தடவியிருந்தால்? ஐந்து சீட்டையும் உரித்தேன். அடியில் ஒன்றும் இல்லை. அந்த வெறும் பாட்டிலை மறுபடி வெளிச்சத்தில் வைத்துப் பெட்டிக்குள் போட்டேன்.

பூஜ்யம்.

உரித்த சீட்டுகளை மட்டும், பாட்டிலே இல்லாமல், ஒரு தட்டில் போட்டு அதே மாதிரி வெளிச்சம் காட்டி உள்ளே வைத்தேன். தொண்ணூற்றாறு. ஒரு சீட்டை எடுத்துவிட்டால் எழுபத்தேழு. இன்னொன்றை எடுத்தால் ஐம்பத்தெட்டு. துளசி, பால், இரும்பு எல்லாம் அந்தத் தட்டிலேயே வரிசையாக இறங்கி வந்தன. ஒரு சீட்டுக்குப் பத்தொன்பது. எட்டு வாரமும் அந்தப் பத்தொன்பது என் நோட்டிலேயே உட்கார்ந்திருந்திருக்கிறது.

வேட்டி வெளுப்பாகத் தெரிய நீலம் போடுவீர்கள் இல்லையா, அது மாதிரி ஜெராக்ஸ் தாளிலும் ஒரு பூச்சு இருக்கிறது. ட்யூப்லைட் வெளிச்சத்தை அந்தத் தாள் கொஞ்சம் வாங்கி வைத்துக்கொள்ளும். இருட்டுக்குப் போனதும் கொஞ்சம் கொஞ்சமாக விடும். நம் கண்ணுக்குத் தெரியாது, பெட்டிக்குத் தெரியும். பீரோவில் இருந்த சீட்டு வெளிச்சமே பார்க்கவில்லை, அதனால் பூஜ்யம். ஜன்னலைத் திறக்கச் சொன்னது நான். எட்டு விளக்கையும் போடச் சொன்னது நான். எது அதிகம் குடிக்கும் என்று அவர்கள் அட்டையில் போட்டிருந்தார்களோ அதற்கு அதிகமாக ஒட்டினதும் நான். அவர்கள் அட்டையை நானே பாட்டில் பாட்டிலாக ஒட்டியிருக்கிறேன்.

காகிதம் வெளிச்சத்தைக் குடிக்கும். இதைத்தான் அவர் சொன்னார். என் புகாரின் மூன்றாம் பக்கத்தில், என் கையெழுத்தில், இருக்கிறது.

கண்டக்டர் என்ன சொல்கிறார்? டீக்கு நிறுத்தமா? ஐந்து நிமிஷமா? சரி, நான் இறங்கவில்லை. நீங்கள் வேண்டுமானால் போய்விட்டு வாருங்கள். உங்கள் தூக்குவாளியை நான் பார்த்துக்கொள்கிறேன்.

நீங்களும் இறங்கவில்லையா. சரி, கேளுங்கள்.

மேடத்திடம் போய்ச் சொன்னேன். அவர் எழுந்துபோய்க் கதவைச் சாத்தினார். "வேற யார்கிட்டயும் சொன்னியா?" என்றார். இல்லை என்றேன். பேனாவை மூடி மேஜையில் வைத்தார். "பூங்கோதை, உனக்கு என்ன வேணும்? அந்த எண் சாகணும். உன் புகார் அப்படியே நின்னா தில்லுமுல்லுனு முடிவாகும், எண் செத்துடும். நீ போய் உண்மையைச் சொன்னா உன் தப்புனு முடிவாகும், அப்பவும் எண் செத்துடும். ரெண்டுலயும் அது சாகுது. நீ எதுல பிழைக்கிறேன்னு பாத்துக்கோ."

"ஆவுடையப்பன் அண்ணன்?"

"அதையும் நீதான் பாத்துக்கணும்" என்றார்.

வாதமாகப் பார்த்தால் அதில் ஓட்டையே இல்லை அக்கா. நான் ஓட்டை தேடிப் பழகினவள். மூன்று நாள் தேடினேன். முதல் நாள் இரவு தூங்கவே இல்லை, மறுநாள் மாலை அவர் வீட்டுக்குப் போனேன். சொல்லிவிடலாம் என்றுதான் போனேன்.

அவர் முன்னறையில் தரையில் சாக்கை விரித்து யாருடைய மிக்ஸியையோ பிரித்துப் போட்டிருந்தார். உள்ளேயிருந்து அவர் மனைவி யார் வந்திருக்கிறது என்று கேட்டார். "என்னிய வேலைய விட்டுத் தூக்குன பிள்ள. காப்பி போடு" என்றார். கேலி மாதிரியும் இல்லை, கோபம் மாதிரியும் இல்லை. ஊர் பெயர் சொல்வது மாதிரி சொன்னார்.

நான் சொல்ல வந்ததைச் சொல்லியிருக்க வேண்டும். அதற்குப் பதிலாக, "அண்ணே, நீங்க அந்த ஒளியை உண்மையிலேயே நம்புறீங்களா?" என்று கேட்டேன்.

"நம்புதேன்."

"அப்ப அந்த எண்ணையும் நம்பணுமே."

"அது எதுக்கு? நம்பர் போட்டது மெய்யப்பன் ஐயா. வெளிச்சம் அவரு வீட்டுதா?" ஒரு திருகாணியைத் தூக்கிப் பார்த்தார். "நூத்தியெட்டுக்கு இத்தனைன்னு அதுக்கு மார்க் போட அவரு யாரு, நீங்க யாரு. அது பாட்டுக்கு இருக்கு. அதுக்காவ காகிதம் மினுங்காம இருக்குமா? அது வேற, இது வேற."

"அளக்க முடியாததை எப்படி அண்ணே நம்புறது?" இதற்கு அவரால் பதில் சொல்ல முடியாது என்று எனக்குத் தெரியும். இந்த இடத்தில் இதுவரைக்கும் யாரும் என்னிடம் பதில் சொன்னதில்லை.

அவர் நிமிர்ந்து பார்த்தார். "என்னியச் சந்தேகப்பட்டியளே, அத எந்தப் பெட்டியில வச்சு அளந்திய?"

காப்பி வந்தது. குடித்தேன். திருகாணி ஒன்று உருண்டு என் காலடிக்கு வந்தது, எடுத்துக் கொடுத்தேன். அந்த வீட்டில் நான் செய்த உருப்படியான காரியம் அது ஒன்றுதான். வந்த விஷயத்தைச் சொல்லாமலே எழுந்து வந்துவிட்டேன். அவராவது கேட்டிருக்கலாம் இல்லையா, எதற்கு வந்தாய் என்று? அவர் கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன். அவர் மேலும் தப்பு இருக்கிறது அக்கா. முதலிலேயே முறையாக, விஞ்ஞானமாக, இந்தப் பூச்சு, இந்த விளைவு என்று விளக்கியிருந்தால் நான் ஏன் ஒட்டப் போகிறேன்? குடிக்கும், கக்கும் என்றா சொல்வது?

ஏன் தலையை ஆட்டுகிறீர்கள்? ஒட்டியிருப்பேன் என்கிறீர்களா.

ஆமாம். ஒட்டியிருப்பேன். அவர் எப்படிச் சொல்லியிருந்தாலும் ஒட்டியிருப்பேன்.

பஸ் கிளம்பிவிட்டது. இன்னும் கால் மணி நேரம் இருக்கும். இதோ இதுதான் முதல் கவர்: 'புகாரில் கூறியவற்றை உறுதி செய்கிறேன்.' ஒரே வரி. இது இரண்டாவது. இதில் நாலு பக்கம். முதல் பக்கத்தில் காகிதப் பூச்சுகளைப் பற்றிய முன்னுரை. இரண்டாம் பக்கத்தில் உதவியாளர்கள் தங்கள் அனுபவத்தை எந்த மொழியில் தெரிவிக்க வேண்டும் என்று. மூன்றாம் பக்கத்தில் மன்றத்தைப் பற்றிக் கொஞ்சம். நாலாம் பக்கத்தில்தான் விஷயம் வருகிறது.

என்ன வருகிறதா? சொல்கிறேன், மனப்பாடமாகவே இருக்கிறது. 'சீட்டு ஒட்ட வேண்டாம் என்று திரு. ஆவுடையப்பன் சொன்னார். அவர் சொன்னது சரி. ஒட்டியவள் நான். அவர் எதிலும் கைவைக்கவில்லை.' அவ்வளவுதான்.

அது மட்டும் போதாதா என்றா கேட்கிறீர்கள்? ஒரு ஆவணம் என்றால் பின்னணி வேண்டும் அக்கா. பின்னணி இல்லாமல் வெறும் நாலு வரியைக் கொடுத்தால், படிக்கிறவர் நேராக அங்கேதான் வந்து விழுவார்.

நேராக அங்கேதான் வந்து விழுவார். ம்.

சரி. பிடியுங்கள் இதை. மூன்று பக்கத்தையும் எடுத்துவிடுகிறேன். பார்த்து, கவர் கிழிந்துவிட்டது, மறுபடி ஒட்ட வேண்டும். என்னிடம் பசை இல்லை. உங்களிடம் பின்னாவது, நூலாவது? ஸ்டிக்கர் பொட்டா? அந்த அட்டையிலிருந்தா? பெரிய பொட்டாக ஒன்று கொடுங்கள். விசாரணைக் குழுவுக்குப் பொட்டு ஒட்டின கவர் போகிறது. மெய்யப்பன் ஐயா பார்த்தால் சந்தோஷப்படுவார். இது வெளிச்சத்தைக் குடிக்குமா என்று பிறகு ஒரு நாள் அளந்து பார்க்க வேண்டும். ஆவுடையப்பன் அண்ணனைக் கேட்டால் அளக்காமலே சொல்வார்.

முதல் கவரை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். என்னிடம் திருப்பித் தர வேண்டாம், கேட்டாலும் தர வேண்டாம். நான் இறங்கின பிறகு கிழித்துப் போட்டுவிடுங்கள். படித்துவிட்டுக் கிழித்தாலும் பரவாயில்லை.

இன்னும் ஒரே ஒரு உதவி. இந்தப் பொட்டின் மேலே, கவரிலும் பொட்டிலும் பாதிப் பாதி விழுகிற மாதிரி, ஒரு கையெழுத்துப் போடுங்கள். சாட்சிக் கையெழுத்துதான். நான் இல்லை, வேறு ஒருவர் கையெழுத்து. விலக்கிலிருந்து அந்த அறை வரைக்கும் முக்கால் கிலோமீட்டர் நடக்க வேண்டும். வழியில் வேப்பமரத்தடியில் ஒரு பெஞ்சு இருக்கிறது. அங்கே உட்கார்ந்து இதைப் பிரித்து, அந்த மூன்று பக்கத்தையும் மறுபடி எழுதிச் சேர்க்கக்கூடிய ஆள் ஒருத்தி இருக்கிறாள்.

யார் என்றா கேட்கிறீர்கள்? நான்தான் அக்கா.

பேனா எழுதவில்லையா, உதறிப் பாருங்கள். பெயரைக் கொஞ்சம் பெரிதாகவே எழுதுங்கள். என்னால் போட முடியாத மாதிரி எழுதுங்கள்.